எல்லா உலகத்துக்கும் ஒரே பெட்டி

என் அண்ணன் தாராவியில் பழைய கம்ப்யூட்டர்களை உடைக்கிறவன். ஹார்டு டிஸ்க்கைக் கழற்றி, காந்தம் தனி, அலுமினியம் தனி என்று பிரித்து பழைய சாமான் எடுக்கும் பங்கார் வியாபாரிக்குப் போடுவான். உடைக்காமல் ஒதுக்கிய சில டிஸ்க்குகளை ஒயரால் கோத்து, ஒரு பிஸ்கட் டின்னுக்குள் அடைத்து, அவன் ஒரு பெட்டி செய்தான். மதினி செத்த வருஷம் அது.

கொரோனாவில் போனாள். மூச்சு வாங்குகிறது என்று ஆம்புலன்சில் ஏற்றினார்கள். அண்ணனை ஏற விடவில்லை. பிறகு போன் வந்தது. பிளாஸ்டிக்கில் சுற்றிய ஒன்றைத் தூரத்தில் வைத்து, இதுதான் என்றார்கள். முகத்தைத் திறக்கச் சொல்லி அண்ணன் காலில் விழுந்திருக்கிறான், நடக்கவில்லை. எங்கள் ஆட்கள் முகம் பார்க்காமல் பிணத்தை எடுக்க மாட்டார்கள். மகன் சவூதியில் இருந்தாலும் அவன் வந்து சேரும்வரை ஐஸ் பெட்டியில் வைத்துக் காத்திருப்பார்கள். நான் அப்போது செம்பூரில் பூட்டிய கட்டடத்துக்குள் கிடந்தேன். அந்தக் கோபம் இன்னும் எனக்கு ஆறவில்லை, யார்மேல் என்றுதான் தெரியவில்லை.

அண்ணன் பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவன். ஆனால் போனில் இந்தி வீடியோ பார்த்தே பாதி விஞ்ஞானி ஆகியிருந்தான். நம் உலகத்தை ஒட்டியே வேறு உலகங்கள் உண்டு, அங்கேயும் நாம் இருக்கிறோம், நடப்பது மட்டும்தான் மாறும் என்றான். இந்தப் பெட்டியில் ஏற்றுகிற சேதி எல்லா உலகத்திலும் ஒரே சமயத்தில் பதிவாகுமாம். வேலை முடிந்து வந்ததும் இயர்போன் மைக்கைப் பிடித்துக்கொண்டு அதனிடம் பேசுவான். மழைக்கு அறை ஒழுகியது, மகள் காலேஜ் முடித்தது, எதிர்வீட்டுக்காரி ஊரைவிட்டுப் போனது. மதினி உயிரோடு இருக்கிற ஏதோ ஒரு உலகத்தில் அவள் இதையெல்லாம் கேட்பாள் என்பது கணக்கு. பதில் வருமா என்று கேட்டேன். இதில் போடத்தான் முடியும், எடுக்க முடியாது என்றான். கோயில் உண்டியலையாவது எப்போதாவது திறப்பார்கள் என்றேன். அவன் சிரிக்கவில்லை.

அவள் இறந்ததை மட்டும் பெட்டி அறியக் கூடாது. அறிந்தால் அதுவும் எல்லா இடத்திலும் பதிந்துவிடும், மிச்சமுள்ள உலகங்களிலும் அவள் செத்துப்போவாள். அதனால் அந்த வீட்டில் அவள் படத்துக்கு மாலை கிடையாது, திவசம் கிடையாது. துக்கம் கேட்க வந்தவர்களை வாசலோடு அனுப்பினான். தெருவில் அவனைப் பைத்தியம் என்றார்கள். பைத்தியம் என்றால் டாக்டரிடமாவது இழுத்துப் போயிருப்பேன். அவனோ ஒழுங்காக வேலைக்குப் போனான், மகளுக்குச் சமைத்துப் போட்டான். எனக்கு எரிச்சலாக வந்தது. அவள் எனக்கும்தான் மதினி, நானும் எங்கேயாவது உட்கார்ந்து அழ வேண்டாமா?

மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானபோதுதான் வம்பு முற்றியது. மாப்பிள்ளை வாஷியில் வேலை பார்ப்பவன், சொந்தம்தான். எங்கள் ஆட்களிடம் ஒரு வழக்கம் உண்டு. கல்யாணத்துக்கு முன்னால் அந்த வீட்டில் இறந்தவர்களுக்குப் புதுத் துணி வைத்து, இலை போட்டுப் படைக்க வேண்டும். ஆணுக்கு வேட்டி, பெண்ணுக்குச் சேலை. அவர்கள் வயிறு குளிர்ந்தால்தான் மற்ற காரியம். கல்யாணத்தை ஜாம்ஜாம் என்று நடத்தலாம், படையல் மட்டும் கூடாது என்றான் அண்ணன். நான் தொண்டை கட்டும்வரை கத்தினேன். மகள் கத்தவில்லை. அம்மாவைக் கும்பிட்டுச் சொல்லிக்கொள்ளாமல் தாலிக்குக் கழுத்தை நீட்ட மாட்டேன் என்று என்னிடம் சொல்லி அழுதாள். அடம் என்று வந்துவிட்டால் அவளும் அப்பனுக்குத் தப்பாமல் பிறந்தவள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கறிச்சோறு சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அம்மா இருக்கிற அந்த உலகத்தில் மற்றவர்கள் எப்படி இருக்கிறோம் என்று மகள் அப்பாவிடம் சாதாரணமாகக் கேட்டாள். இத்தனை காலம் யாரும் கேட்காத கேள்வி. அண்ணனுக்கு முகமே மலர்ந்துவிட்டது.

"எனக்கும் ஒங்கம்மாவுக்கும் சேந்துதான காய்ச்சல் வந்துச்சு," என்றான். "அங்க ஆம்புலன்சுல என்னய ஏத்திருப்பாங்க. ஒங்கம்மா ஒன்னய வச்சுக்கிட்டு வீட்டுல இருப்பா."

மகள் சோற்றைப் பிசைவதை நிறுத்தினாள்.

"அப்பம் அங்கயும் எனக்குக் கல்யாணம்தான? அம்மா ஒங்களுக்கு வேட்டி எடுத்து வச்சு, எல போட்ருப்பா. ஒங்களப் பட்டினி போட அவளுக்கு மனசு வராது. இங்க நீங்கதாம்பா அவளப் பட்டினி போடுதிய."

அவன் கை தட்டிலேயே நின்றது. பிறகு எழுந்து கழுவிவிட்டு, சொல்லாமல் வெளியே போனான். தண்டவாளப் பக்கம் போயிருப்பானோ என்று ஓடிப் போய்ப் பார்த்தேன், அங்கே ஆள் இல்லை. பொழுது சாயும்போது திரும்பி வந்தான். கையில் மாட்டுங்கா கடைப் பை, உள்ளே அரக்குக் கலரில் ஒரு சேலை.

வெள்ளிக்கிழமை படையல் வைத்தோம். படையல் பேச்சு காதில் விழாதபடி, சாம்பிராணி போடுவதற்குள் பெட்டியின் ஒயரைப் பிடுங்கிவிடலாம் என்று நான் கையை நீட்டினேன். "இருக்கட்டும்," என்றான். இனி எந்த உலகத்திலும் அவனுக்குப் பெண்டாட்டி இல்லை. தெரிந்துதான் சொன்னான்.

கற்பூரம் கொளுத்தியதும் வீட்டுப் பெரியவர் இறந்தவரைக் கூப்பிட்டு, வந்து வாங்கிக்கொள் என்று சொல்ல வேண்டும். அண்ணன் இலைக்கு முன்னால் வந்து நின்றான். மகள் அவன் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். அவன் இலையைப் பார்த்துப் பேசினான்.

"ஏளா, அவனுவ ஒன் மொகத்த எனக்குக் காட்டல. காட்டியிருந்தா அன்னைக்கே அழுதிருப்பேன்."