விடுபட்ட இரண்டு சொற்கள்

ஊரில் சண்டை முடிந்த அடுத்த வருடம், பாரிசின் லாச்சப்பலில் அப்பா கோப்பை கழுவிய உணவகத்தில் வேலைநிறுத்தம் தொடங்கியது. விசா இல்லாத எட்டுப் பேர், அப்பாவும் மாலி நாட்டுக்காரர் ஏழு பேரும், சாப்பாட்டு மண்டபத்திலேயே குந்திவிட்டார்கள். புதன்கிழமைகளில் எனக்குப் பள்ளிக்கூடம் இல்லை. அம்மாவோடு சாப்பாடு கொண்டுபோவேன். எனக்குப் பத்து வயது.

அங்கேதான் அந்த அயர்லாந்துக்காரரைக் கண்டேன். பதினைந்து வயதில் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். தொழிற்சங்கத் தலைவராகி, தொழிற்கட்சி சார்பில் நாடாளுமன்றத்துக்கும் போனவர். முதுமையில் இங்கே மகளோடு வந்து தங்கியிருந்தார். வேலைநிறுத்தம் என்று கேள்விப்பட்டு, நாள்தோறும் வந்து இவர்களோடு தரையில் இருந்தார். நாடாளுமன்றத்தில் பேசிய ஒருவர் அம்மாவின் இடியப்பத்தைச் சொதியில் குழைத்துக் கையால் தின்றதை நான் வாய் மூடாமல் பார்த்தேன்.

மூன்றாவது புதன்கிழமை முதலாளி அப்பாவை மட்டும் கூப்பிட்டார். நாளைக்கே வேலைக்குத் திரும்பினால் விசாவுக்கு வேண்டிய கடிதம் தருவாராம். மற்றவர்களுக்கு இல்லையாம். அப்பா வந்து அயர்லாந்துக்காரருக்கு முன்னால் இருந்தார். அப்பாவுக்குப் பிரெஞ்சு சரியாகப் பேச வராது.

“இவருக்கும் எப்பவாவது இப்பிடி நடந்ததோ எண்டு கேள் பிள்ளை.”

கேட்டேன். அவர் எனக்காக நிறுத்தி நிறுத்திப் பிரெஞ்சில் சொன்னார். துறைமுக வேலைநிறுத்தத்தின்போது அவரை மட்டும் கூப்பிட்டு, கங்காணி வேலை தருவதாகச் சொன்னார்களாம். மறுத்துவிட்டாராம். “கடைசியில் எல்லாரையும் திரும்ப எடுத்தார்கள், என்னைத் தவிர.”

தமிழில் சொல்லும்போது அந்தக் கடைசி இரண்டு சொற்களை விழுங்கிவிட்டேன். அவ்வளவு பெரிய மனிதர் தோற்றுப்போனார் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

“ஓம். அப்ப எனக்கும் வேண்டாம்” என்ற அப்பா எழும்பிப் போய் முதலாளியிடம் சொன்னார். அம்மா சுவரைப் பார்த்து அழுதார்.

இன்னும் ஐந்து கிழமை போனது. எட்டுப் பேருக்கும் கடிதம் கிடைத்தது. கிடைக்காமல் போயிருந்தால் அது என் பிழையாகியிருக்கும் என்ற பயம் மட்டும் என்னோடு வளர்ந்தது. நான் வேலைக்குப் போகத் தொடங்கிய பிறகுதான் அப்பாவிடம் ஒப்புக்கொண்டேன்.

“அது எனக்கு அப்பவே விளங்கினது” என்றார் அப்பா. “‘எல்லாருக்கும் ஞாயிறு லீவு, உன்னைத் தவிர’ எண்டு முதலாளி பிரெஞ்சில சொல்லுவார். ஏழு வருசமாக் குசினியில கேட்ட சொல்லெல்லோ.”

அந்தப் புதன்கிழமை முழுக்க நான் அப்பாவை விட்டுவிட்டு அயர்லாந்துக்காரரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.