ஒரே டேக்கில் செத்தவர்

எங்கள் பெரியப்பா சினிமாவில் சாகாத சாவு இல்லை. குண்டடி பட்டிருக்கிறார், கிணற்றில் விழுந்திருக்கிறார், சொந்தத் தம்பி கையாலேயே வெட்டுப்பட்டிருக்கிறார். சாகாத படங்களில் நீதிபதியாகவோ, "எங்களால முடிஞ்சத செஞ்சிட்டோம்" என்று கண்ணாடியைக் கழற்றும் டாக்டராகவோ வருவார். தலை நரைத்த பிறகுதான் டிவிக்காரர்கள் அவரைக் கண்டுபிடித்தார்கள். ஒரு சீரியலில் நாலு பெண்களைப் பெற்ற அப்பா வேஷம். புதுச்சேரி குருசுக்குப்பத்தில் எங்கள் தெருவுக்கு மீன் கொண்டுவரும் அக்கா, "சின்னப் பொண்ண மட்டும் அந்த வூட்ல குடுத்துடாதீங்கண்ணே" என்று அவரிடமே புத்தி சொல்லும். பெரியப்பாவும் பொறுப்பாகத் தலையாட்டுவார்.

எனக்கு ஒன்பது வயதிருக்கும்போது அந்த அப்பாவைக் கதையிலிருந்து தூக்கிவிடப்போவதாக போன் வந்தது.

"லாரில அடிபட்டேன்னு எவனோ வந்து சொல்லுவானாம். ஒடனே செவுத்துல போட்டோ மாட்டிருவாங்களாம். என் சாவுக்கு நான் வாணாமா?" என்று பெரியப்பா வீடே அதிரக் கத்தினார். பிறகு குரலை இறக்கி பெரியம்மாவிடம் சொன்னார்: "நான் சாவுறத நாலு டைரக்டரு பாத்தாதான் அடுத்த வேல வரும்."

அன்றிலிருந்து டைரக்டருக்குப் போன்மேல் போன். பெரியப்பா பிடித்தால் உடும்புப்பிடி. கடைசியில் அந்த மனிதர் சலித்துப்போய், புதுச்சேரியில் ஷூட்டிங் இருக்கிறது, அங்கே ஒரு காலை வேளை தருகிறேன், வந்து செத்துவிட்டுப் போங்கள் என்று ஒப்புக்கொண்டார். வீட்டில் ஒத்திகை ஆரம்பித்தது. சாப்பிடும்போது சாவார், தினத்தாளைப் பிரிக்கும்போது சாவார். ஞாயிற்றுக்கிழமை காலையிலும் நாற்காலியில் சாய்ந்து மூச்சை அடக்கியவரைப் பார்த்து, "ஏங்க, பூசைக்குப் போய்ட்டு வந்து அப்பறமா சாவுங்க" என்றாள் பெரியம்மா.

கடற்கரைக்குப் பக்கத்தில் ஒரு பழைய பிரெஞ்சுக்காரர் வீட்டில் ஷூட்டிங். பெரியம்மாவும் நானும் போயிருந்தோம். பெரியப்பா காபி டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு கடைசி மகளைக் கூப்பிட்டார். பாதிப் பெயர்தான் வந்தது. டம்ளர் உருண்டது, தலை சாய்ந்தது. கன்னத்தில் ஈ வந்து உட்கார்ந்தும் மனிதர் அசையவில்லை. அத்தனை ஒத்திகையைப் பார்த்திருந்த எனக்கே அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஒரே டேக். எல்லோரும் கை தட்டினார்கள்.

செத்ததுபோல் நடித்தவரை உடனே கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி ஒரு ஷாட் எடுப்பார்கள். அது எதிலும் வராது. நடித்தவருக்கு ஒன்றும் ஆகிவிடக் கூடாது என்று செய்கிற வழக்கம். "சார், ஒரு சிரிப்பு சார்" என்றார் அசிஸ்டெண்ட். பெரியப்பா பல்லைக் காட்டினார். போதும் என்று லைட்டை அணைக்கப் போனார்கள்.

"இது சிரிப்பில்ல தம்பி. திரும்ப எடுங்க."

திரும்ப எடுத்தார்கள். அதுவும் சரியில்லை என்றார். டைரக்டர் வந்து பரவாயில்லை என்று சொல்லியும் நாற்காலியை விட்டு எழவில்லை. "செத்தத ஒழுங்கா செஞ்சேன்ல? இதையும் ஒழுங்கா செஞ்சிட்டுத்தான் எந்திரிப்பேன்" என்றார். பெரியம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். சாப்பாட்டு வண்டி வந்து நின்றது. எனக்கோ நல்ல பசி.

"இவ்ளோ நல்லா செத்தீங்க, ஒரு சிரிப்பு வரலியா பெரியப்பா?" என்று கத்தினேன்.

யூனிட்டே சிரித்தது. பெரியப்பாவும் வயிறு குலுங்கச் சிரித்தார். கேமராக்காரர் "ஓகே!" என்றார். சட்டையை மாற்றிக்கொண்டு வந்தவர் என் தலையில் கை வைத்து, கொஞ்ச நேரம் எடுக்காமலே நின்றார்.

யாராலும் வரவழைக்க முடியாத சிரிப்பை நான் வரவழைத்ததாகப் பள்ளிக்கூடத்தில் வெகுநாள் பீற்றிக்கொண்டு திரிந்தேன். மறுநாளிலிருந்து அவருக்கு வேலை இல்லை என்பது அன்று அந்த வீட்டில் இருந்தவர்களில் எனக்கு மட்டும்தான் தெரியாது.