லெமூர்கள் நடந்து வரவில்லை

ஜேர்மனியில் குளிர்காலம் பிறந்துவிட்டால் காலையில் என் முதல் வேலை தண்ணீரை உடைப்பது. ஊரிலிருந்து இதை வாசிப்பவர்கள் சிரிக்கக்கூடும். தண்ணீரை அள்ளலாம், இறைக்கலாம், ஊற்றலாம். அதை எப்படி ஐயா உடைப்பது? உடைக்கலாம். முழங்காலளவு ஆழத்தில் ஓர் அகழி, அதன்மேல் இரவுக் குளிரில் பலகையாய் இறுகிய பனிக்கட்டி, என் கையில் ஆளுயர இரும்பு அலவாங்கு. டோர்ட்மண்டுக்கு வெளியே, பேருந்து கடைசியாகத் திரும்புகிற இடத்தில் இருக்கும் சின்ன விலங்குத் தோட்டத்தில் இருபத்தொரு வருடமாக வேலை செய்கிறேன். அகழிக்கு நடுவே ஒரு தீவு. தீவில் லெமூர்கள். கறுப்பும் வெள்ளையுமாக வளையம் போட்ட வால், நரி மூஞ்சி, தோடம்பழச் செம்மஞ்சள் நிறத்தில் கண்கள். வேலி கிடையாது. இந்த விலங்குகள் தண்ணீரில் கால் வைக்கமாட்டா. ஒரு வாய்க்கால் போதும், காலம் முழுக்க அங்கேயே இருக்கும். ஆனால் வாய்க்கால் உறைந்தால் அது நிலம் ஆகிவிடும். வெயில் எறிக்கிற குளிர்நாட்களில் மதியத்துக்குக் கொஞ்ச நேரம் இவற்றை வெளியே விடுவோம். கற்களில் வரிசையாகக் குந்தி, இரண்டு கைகளையும் விரித்து, வயிற்றைச் சூரியனுக்குக் காட்டிக்கொண்டு அசையாமல் இருக்கும். முதல்முறை பார்த்தபோது என் மனைவி தன்னை அறியாமல் கைகூப்பிவிட்டாள். அந்த வெயிலுக்காகக் கதவைத் திறக்குமுன் நான் அகழியில் ஐஸ் இல்லாமல் செய்யவேண்டும்.

அதற்கு முன் ஓர் உணவகத்தில் சட்டி பானை கழுவிக்கொண்டிருந்தேன். முதுகு போனபிறகு வேலைவாய்ப்பு அலுவலகம் என்னை இங்கே அனுப்பியது. முதல்நாள் இந்தத் தீவின் முன்னால் நட்டிருந்த பலகையில் ‘லெமூரன்’ என்று வாசித்தபோது, கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்ததுபோல் நின்றுவிட்டேன். எங்கள் பள்ளிக்கூடத்தில் சமூகக்கல்வி ஆசிரியர் ஒருநாள் பாடத்தை விட்டுவிட்டு, கரும்பலகையில் குமரிக்குக் கீழே ஒரு பெருநிலத்தை வரைந்து, அதை மடகாஸ்கர்வரை இழுத்துக்கொண்டு போனார். “இவ்வளவும் எங்கட நிலம். கடல் கொண்டுபோட்டுது. இப்ப நிக்கிறது மிச்சம்,” என்றார். அந்த நிலத்தின் பெயர் லெமூரியா. எனக்குப் பன்னிரண்டு வயது, மயிர்க்கூச்செறிந்தது. வீட்டுக்கு ஓடிவந்து முற்றத்து மணலில் அந்தப் படத்தைத் தடியால் கீறித் தம்பி சுதனுக்குக் காட்டினேன். அவனுக்கு எட்டு வயது. அதற்குப் பிறகு பலநாள் அந்தப் படத்தில் அவன் நடந்து திரிந்தான்; ஒரு காலை குமரியிலும் மற்றக் காலை மடகாஸ்கரிலும் வைத்துக்கொண்டு, “அண்ணை, நான் வந்திட்டன்,” என்பான்.

அன்று எனக்கிருந்த ஜேர்மன் மொழியை வைத்துக்கொண்டு, தலைமைப் பராமரிப்பாளர் பிர்கிட்டிடம், “இவை என் நாட்டு விலங்குகள்,” என்று சொன்னேன். அவர் மிகுந்த சந்தோஷத்தோடு என் கையைப் பிடித்துக் குலுக்கினார். நான் மடகாஸ்கர்க்காரன் என்று அவர் முடிவு கட்டிவிட்டது எனக்குத் தெரியவந்தது நத்தார்ப் பண்டிகைக்கு. ஊர் நினைவு வருமே என்று மடகாஸ்கர் வனிலாக் காய்களை ரிபன் கட்டித் தந்தார். என்ன செய்ய? நிலம், கடல், தமிழ் என்று விளக்க, அகதி அந்திராக் என்கிற விண்ணப்பத்துக்குத் தேவைப்பட்டதைவிட அதிக ஜேர்மன் தேவைப்படும். வாங்கிக்கொண்டு வந்தேன், மனைவி பாயாசத்தில் போட்டாள். உண்மை பிறகு வெளித்தபோதும் பிர்கிட் அந்தப் பகிடியை விடவில்லை. இன்றைக்கும் நான் அவருக்கு ‘எங்கள் மடகாஸ்கர்க்காரர்’தான்.

லெமூர் என்பது ஒரு விலங்கு அல்ல என்று இங்கே வந்துதான் அறிந்தேன். நூற்றுக்கும் மேற்பட்ட இனங்கள், எல்லாம் அந்த ஒரு தீவில். உள்ளங்கையில் சுருண்டு படுக்கும் எலி லெமூர் உண்டு. வாலில் கொழுப்பைச் சேர்த்து வைத்துக்கொண்டு, வறண்ட மாதங்கள் முழுக்க மரப்பொந்தில் நித்திரை கொள்ளும் குள்ளன் உண்டு. சிஃபாக்கா நிலத்தில் நடக்காது, கைகளைத் தூக்கிப் பக்கவாட்டில் துள்ளித் துள்ளிப் போகும். இந்திரி காலையில் காடு நிறையக் குரலெடுத்துப் பாடும். அடைத்து வைத்தால் செத்துப்போகும், அதனால் எந்த விலங்குத் தோட்டத்திலும் அது இல்லை. அய்-அய் என்று ஒன்று, குச்சிபோல நீண்ட நடுவிரலால் மரத்தைத் தட்டி, உள்ளே புழு இருக்கிறதா என்று காது கொடுத்துக் கேட்கும். அதைக் கண்டால் வீட்டில் சாவு விழும் என்று சில ஊர்களில் அடித்தே கொன்றுவிடுவார்களாம், எங்கள் ஊரில் ஆந்தை படுகிற பாடு. கொரில்லா அளவு பெரிய லெமூர்களும் இருந்தனவாம். மனிதர் போய்ச் சேர்ந்தபின் அவை இல்லாமல் போய்விட்டன. வன்னிக் காட்டில் நான் கண்ட தேவாங்கு இவை எல்லாவற்றுக்கும் தூரத்து உறவு. எனக்கு இது போதாதா? அங்கே ஒரு சொந்தம், இங்கே ஒரு சொந்தம் என்றால் நடுவில் நிலம் இருந்தேயாக வேண்டும். முன்னொரு காலத்தில் வெள்ளைக்கார விலங்கியலாளர் ஒருவரும் அப்படித்தான் யோசித்து அந்தப் பெயரை வைத்திருக்கிறார். யாருடனாவது இந்தப் பேச்சு வந்தால் நான் இலேசில் விடமாட்டேன். மனைவி எழுந்து குசினிக்குள் போய்விடுவாள்.

என் மகள் ஆரணி இங்கேயே பிறந்து வளர்ந்தவள், உயிரியல் படிக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளிலும் விடுமுறையிலும் எங்கள் தோட்டத்துக்கு வந்து சனங்களுக்கு விலங்குகளைப் பற்றிச் சொல்வாள். போன மாசி மாதம் ஒரு ஞாயிறு, நல்ல வெயில். அவள் தீவுக்கு முன்னால் நின்று இருபது பேருக்கு விளக்கிக்கொண்டிருந்தாள். நான் தீன் வண்டிலைத் தள்ளிக்கொண்டு அந்தப் பக்கம் போனேன். “இலத்தீனில் லெமூர் என்றால் அமைதியில்லாமல் செத்தவர்களின் ஆவி. வீட்டைச் சுற்றிச் சுற்றி வரும்,” என்றாள். வண்டில் கொஞ்சம் நின்றுவிட்டது. அவள் தொடர்ந்தாள்: கோடிக்கணக்கான வருடங்களுக்கு முன் ஆபிரிக்காவில் வெள்ளமும் புயலும் ஆற்றங்கரை மரங்களை வேரோடு கடலில் தள்ளின, அந்த மரக்குவியலைப் பிடித்துக்கொண்டு சில சின்ன விலங்குகள் மிதந்து போயிருக்க வேண்டும், அவற்றில் மடகாஸ்கர்க் கரை சேர்ந்த ஒருசிலவற்றின் பிள்ளைகள்தான் இன்றைக்குள்ள லெமூர்கள் எல்லாம்.

“நைன்,” என்றேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். “மிதக்கவில்லை. நிலம் இருந்தது. நடந்துதான் வந்தவை,” என்று ஜேர்மன் மொழியில் சொன்னேன். பிர்கிட் பின்னாலிருந்து, “எங்கள் மடகாஸ்கர்க்காரர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும்,” என்றார். சனம் சிரித்தது. ஆரணியின் முகம் சிவந்துபோயிற்று.

மதியம் விலங்குகளுக்குத் தீன் வெட்டும் சமையலறையில் இருவரும் கரட் வெட்டிக்கொண்டிருந்தோம். இங்கே இவற்றுக்கு வாழைப்பழம் கொடுக்க மாட்டார்கள், இனிப்புக் கூடாதாம், கிழங்கும் இலையும்தான்.

“ஏனப்பா சனத்துக்கு முன்னால அப்பிடிச் சொன்னனீங்கள்?”

“உள்ளதைச் சொன்னன்.”

“அது உள்ளது இல்லை. பழைய ஹிப்போதேஸ ஒண்டு, வெறும் ஊகம். கண்டங்கள் நகருது எண்டு தெரிஞ்சாப் பிறகு அந்த நிலம் ஒருத்தருக்கும் தேவைப்படேல்லை.”

“எனக்குத் தேவை.”

அவள் கத்தியைக் கீழே வைத்தாள். “ஏன்?”

குப்புற விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டவில்லை என்கிற சாதி நான். வேறு நாளென்றால் அந்த இடத்தில் சத்தம் போட்டுவிட்டு எழும்பிப் போயிருப்பேன். ஆனால் அவள் காலையில் சொன்ன அந்த ஆவிக் கதை எனக்குள் சுற்றிக்கொண்டிருந்தது. “உன்ர சித்தப்பா படகில இருந்து விழேல்லை,” என்றேன்.

வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த கதை, சுதன் படகில் வரும்போது அலையில் விழுந்துவிட்டான் என்பது. நான் அம்மாவுக்குச் சொன்னது அது, ஆரணியின் தாய்க்குச் சொன்னதும் அதுதான். அலையின்மேல் பழி போடலாம். அது வந்து சாட்சி சொல்லாது. நடந்தது வேறு. சண்டைக்குத் தப்பி மன்னார்க் கரையிலிருந்து பதினான்கு பேர் ஒரு படகில் வெளிக்கிட்டோம். விடியப்போகும் நேரம் படகோட்டி, “இறங்குங்கோ, இதுதான் இராமேஸ்வரம். அங்கால நடந்தா றோட்டு வரும்,” என்று இறக்கிவிட்டுப் போய்விட்டான். வெளித்தபிறகு பார்த்தால் அது ஒரு மணல்திட்டு. சுற்றிவரத் தண்ணீர், கொஞ்சத் தூரத்தில் இன்னொரு திட்டு, அதற்கப்பால் இன்னொன்று. றோட்டும் இல்லை, குடிக்கச் சொட்டுத் தண்ணீரும் இல்லை. எங்களோடு ஒரு கைக்குழந்தை, அது அழுது அழுது சத்தம் அடங்கிவிட்டது. மதியம்போல அடுத்த திட்டில் ஏதோ வள்ளம் இழுத்து வைத்திருப்பதுபோல் தெரிந்தது. சுதன் போய்ப் பார்க்கிறேன் என்று இறங்கினான். பத்தொன்பது வயது. தண்ணீர் பச்சையாக, அடி மணல் தெரிய இருந்தது. முழங்காலளவில் நின்று திரும்பி, “அண்ணை, கீழ நிலம் தெரியுது. நடந்தே போகலாம் போல கிடக்கு,” என்றான்.

நான் சிரித்தேன். அந்த வெயிலிலும் தாகத்திலும் உண்மையாகவே சிரித்தேன். “பின்ன? இது முழுக்க எங்கட நிலம்தானேடா. நட,” என்றேன். அவனும் சிரித்தான். முற்றத்து மணல் படம் இருவருக்கும் நினைவு வந்திருக்க வேண்டும். இடுப்பளவு வந்தது, நெஞ்சளவு வந்தது. பிறகு நடுவில் ஓர் இழுவை இருந்திருக்கிறது. அவனுக்கு நீந்தத் தெரியும், ஆனால் அந்த நீரோட்டம் யாருக்கும் அடங்காதது என்று பிறகு மீனவர்கள் சொன்னார்கள். அவன் ஒரு கையை உயர்த்தினான். என்னை வரச்சொல்லிக் கூப்பிடுகிறான் என்று நினைத்து நானும் கையை உயர்த்தினேன். பின்னேரம் வந்து எங்களை ஏற்றிய மீனவர்கள் இருட்டும்வரை தேடினார்கள்.

“அந்த நிலம் இருந்தா நான் சொன்னது பொய்யில்லை. விளங்குதா பிள்ளை? அவனுக்கு நான் பொய் சொல்லேல்லை,” என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை.

ஆரணி அழவில்லை. வெட்டிய கரட் துண்டுகளை ஒரு பக்கமாகக் கூட்டினாள். “என்னிலும் மூண்டு வயசு சின்னவர்,” என்றாள். பிறகு, “அப்ப உங்களுக்கு எத்தினை வயசப்பா?” என்று கேட்டாள்.

“இருபத்திமூண்டு.”

“நீங்களும் சின்னப் பிள்ளைதான்.” என் கையைப் பிடித்தாள். “எண்டாலும் அப்பா, அந்த நிலம் இருக்கேல்லை.”

“தெரியும்,” என்றேன். அந்தச் சொல்லை நான் அதற்குமுன் ஒருநாளும் வாய் திறந்து சொன்னதில்லை.

அன்றிரவு குளிர் இன்னும் இறங்கியது. அடுத்தநாள் திங்கட்கிழமை, விடுமுறைதானே என்று அவளும் என்னோடு வேலைக்கு வந்தாள். பின்பக்கத்தில் நாங்கள் போட்டு எடுக்கும் பலகைப் பாலத்தால் தீவுக்குப் போய்க் கற்களைத் துடைத்தாள். நான் முன்கரையில் அலவாங்கோடு நின்றேன். தீவுக் கொட்டிலின் கண்ணாடிக்குப் பின்னால் கிழட்டுப் பெண் லெமூர் உள்ளங்கைகளைப் பதித்துக்கொண்டு வெயிலைப் பார்த்திருந்தது. கூட்டத்துக்கு அதுதான் தலைவி, இவற்றில் பெண்களின் சொல்தான் எடுபடும். கடல் தாண்டி வந்தவற்றின் வம்சம், இன்றைக்கு முழங்கால் தண்ணீருக்குப் பயந்து நிற்கிறது. எனக்கு அதைப் பார்த்துச் சிரிக்க உரிமை இல்லை. இராமேஸ்வரத்தில் கரையேறிய நாளிலிருந்து நான் எந்தக் கடலிலும் கால் நனைத்ததில்லை. வடகடலுக்குக் குடும்பமாகப் போனபோதும் சப்பாத்தைக் கழற்றாமல் கரையில் இருந்தவன்.

ஆரணி வாளியைத் தூக்கிக்கொண்டு எனக்கு நேரே எதிர்க்கரைக்கு வந்தாள். சப்பாத்து நுனியால் ஐஸைத் தட்டிப் பார்த்தாள். “அப்பா, நல்லா இறுகிக் கிடக்கு. இதால வந்தா கிட்ட,” என்று சொல்லி ஒரு காலை வைத்தாள்.

உடைந்து விழுந்தால் காற்சட்டை நனையும், அவ்வளவுதான். அந்த அகழியின் ஆழம் என்னைவிட நன்றாக அறிந்தவர் யாரும் இல்லை.

“நடக்காதை! நில்! அங்கயே நில்!”

பக்கத்துக் குளத்துத் தாராக்கள் சடசடவென்று எழும்பின. பிர்கிட் சமையலறையிலிருந்து வெளியே ஓடிவந்து தமிழில் நான் என்ன கத்தினேன் என்று தெரியாமல் பார்த்துக்கொண்டு நின்றார். ஆரணி காலைப் பின்னுக்கு எடுத்தாள். சிரிக்கவில்லை. முழங்காலளவுதானே என்று சொல்லவுமில்லை.

“சரியப்பா. நான் சுத்தி வாறன்,” என்றாள்.

அவள் திரும்பிப் பாலத்துப் பக்கம் நடந்தாள். நான் அலவாங்கை இரண்டு கைகளாலும் ஓங்கி இறக்கினேன். அவள் சுற்றி வந்து என் பக்கத்தில் நின்றபோதும் நிறுத்தவில்லை. அந்தக் கரைக்கும் இந்தக் கரைக்கும் நடுவே தண்ணீர் தண்ணீராகவே தெரியும்வரை உடைத்தேன்.