தங்கை எழுதிய நோர்வே நாடகம்

அப்பாவும் தங்கையும் சந்திப்பதற்கு உலகத்தில் இருந்த ஒரே இடம் எங்கள் வீடுதான். தங்கை ஏழு வயதில் சித்தியோடு நோர்வேக்குப் போனவள். அங்கேயே நாடகம் படித்து, ஒரு சின்ன அரங்கில் வேலையும் செய்கிறாள். ஊருக்குத் திரும்பிப் போக அவளுக்குப் பயம். அப்பா யாழ்ப்பாணத்தில் தனியாக இருக்கிறார். தபால் கந்தோரில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். அவருக்கு நோர்வே விசா கொடுக்க மறுத்துவிட்டார்கள். மிச்சமிருந்தது துபாய். சத்வாவில், தையல்கடை ஒன்றுக்கு மேலே, நானும் கணவரும் வாடகைக்கு இருக்கும் பிளாட்.

கணவருக்கு கத்தாரில், ராஸ் லஃபானில் வேலை. லீவு கிடைத்தால்தான் வருவார். நான் ஒரு பல் வைத்தியரின் கிளினிக்கில் வரவேற்பில் இருக்கிறேன். அந்தக் குளிர்காலத்தில் பிளாட்டில் இருந்தது நாங்கள் மூன்று பேர் மட்டும்.

விமான நிலையத்தில் தங்கையைக் கண்டதும் அப்பா கையை நீட்டினார், வெளிநாட்டுக்காரரிடம் நீட்டுவதுபோல. அவள் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். கட்டிப்பிடிப்பதா என்று இருவருக்கும் தெரியவில்லை. டாக்சியில் அப்பா டிரைவருக்குப் பக்கத்தில் ஏறிக்கொண்டார்.

எங்களுக்கு ஒரு அண்ணன் இருந்தான். யுத்த காலத்தில், அவனுக்குப் பத்தொன்பது வயதில், ஒரு மத்தியானம், வீட்டுக்கு வந்தவர்கள் அவனை ஒரு வான் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். வந்தது யார் என்று இன்றுவரை யாரும் ஒத்துக்கொள்ளவில்லை. அண்ணன் விறகுக் கொட்டிலுக்குள் ஒளிந்திருந்தான். அம்மாதான் வாயைக் கொடுத்துக் காட்டிக்கொடுத்துவிட்டா என்று ஊர் பேசியது. அவ வாசல் படலையடியில் அவர்களோடு கதைத்துக்கொண்டு நின்றதைத் தங்கையே பார்த்திருந்தாள். அப்பா கந்தோரில், நான் பள்ளிக்கூடத்தில். அம்மா ஒரு நாளும் மறுத்துப் பேசவில்லை. கொஞ்ச நாளில் தங்கையைச் சித்தி கூட்டிக்கொண்டு போனா. சில வருடங்களுக்கு முன் அம்மா புற்றுநோயில் செத்தபோது, தங்கை போனில்கூட அழவில்லை.

ஆகவே எங்கள் வீட்டில் பேசக்கூடிய விஷயங்கள் குறைவு. அண்ணனைப் பற்றிப் பேச முடியாது, அம்மாவைப் பற்றியும் முடியாது. மூன்றாம் நாளோ நாலாம் நாளோ, தேத்தண்ணி குடிக்கும்போது, வேறு வழியில்லாமல் அப்பா கேட்டார்.

"அப்ப பிள்ளை, அங்க நாடகம் எண்டது ஆர் துவங்கினது? எங்கட கூத்து மாதிரி முந்தியே இருந்ததோ?"

தங்கையின் தமிழ், சித்தியின் குசினியில் வளர்ந்த தமிழ். கஷ்டமான சொல் வந்தால் நின்று என்னைப் பார்ப்பாள். நான் எடுத்துக்கொடுப்பேன். அப்படித்தான் அவள் சொல்லத் தொடங்கினாள். முதலில் பள்ளிக்கூடப் பொடியன்கள்தான் நடித்தார்களாம். லத்தீன் படிப்பதற்காக வாத்திமார் லத்தீனில் நாடகம் போட வைத்தார்கள். பார்க்க வந்த சனத்துக்கு ஒரு சொல்லும் விளங்காது. நோர்வே அப்போது டென்மார்க் அரசனுக்குக் கீழே இருந்ததாம்; பிறகு அந்த டென்மார்க்கின் தலைநகரில் ஒரு நாடகக் கொட்டகை திறந்தார்கள். முதல் தடவையாக வியாபாரியும் வேலைக்காரியும் சனத்தின் சொந்தப் பேச்சில் சண்டை பிடித்தார்கள், சனம் சிரித்தது. சில வருடத்தில் பக்தி முற்றிய ஒரு அரசன் வந்தான், நாடகம் பாவம் என்று நிற்பாட்டிவிட்டான்.

"மூடிட்டானோ?" என்றார் அப்பா. அவருக்கு அது மிகவும் பிடித்துவிட்டது. "உந்த அரசாங்கங்கள் எல்லா இடத்திலயும் ஒண்டுதான்."

அதற்குப் பிறகு தினமும் கேட்டார். நான் டியூட்டி முடிந்து வரும்போது இருவரும் கீழே நடக்கப் போயிருப்பார்கள். தையல்கடைகளைத் தாண்டி, மலையாளியின் கடையில் நின்று கரக் தேத்தண்ணி வாங்கிக் குடித்தபடி, அவள் சொல்ல அவர் கேட்பார். அப்பா இவ்வளவு நேரம் யாரோடும் பேசி நான் பார்த்ததில்லை. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. கொஞ்சம் பொறாமையும்.

நோர்வே மேடைகளில் வெகுகாலம் டென்மார்க் நடிகர்கள்தான் நடித்தார்கள், டென்மார்க் பேச்சுத்தான் பேசினார்கள் என்று அவள் சொன்ன நாள் நானும் கூட இருந்தேன். நோர்வேக்காரன் தன் ஊர்ப் பேச்சைப் பேசினால் அது கோமாளி வேஷத்துக்குத்தான் சரி என்று இருந்ததாம். கடைசியில் மழை கொட்டும் ஒரு துறைமுகப் பட்டினத்தில் சொந்தப் பேச்சில் நாடகம் போட ஒரு அரங்கைத் தொடங்கினார்கள். தலைநகரில் இளைஞர்கள் டிக்கெட் வாங்கிக்கொண்டு உள்ளே போய், டென்மார்க் நடிகர் வாயைத் திறக்கும்போதெல்லாம் விசிலடித்துக் குழப்பினார்கள்.

அப்பா வாய்விட்டுச் சிரித்தார். "நாங்களும் விசிலடிச்சிருக்க வேணும். எங்கட பேச்சை இந்தியப் படத்தில பகிடிக்குத்தானே வைக்கிறாங்கள்."

"பிறகுதான் அப்பா பெரிய மாற்றம் வந்தது," என்றாள் தங்கை. "ராசா ராணி எல்லாம் போய், மேடையில ஒரு வீட்டு அறை. கதிரை, மேசை, விளக்கு. அதுக்குள்ள புருஷன், பெண்சாதி, பிள்ளையள். அந்த வீட்டில எல்லாருக்கும் தெரிஞ்ச, ஆனா ஒருத்தரும் சொல்லாத ஒண்டு இருக்கும். நாடகம் முடியிறதுக்குள்ள ஆராவது அதைச் சொல்லவேணும்."

"பாத்த சனம் என்ன சொன்னது?"

"பேசினது, தூற்றினது. முடிவை மாத்தச் சொல்லியும் கேட்டது. ஆனா அதுக்குப் பிறகு உலகம் முழுக்க அப்படித்தான் எழுதத் துவங்கினவை."

அப்பா அன்று வேறொன்றும் கேட்கவில்லை.

அவள் திரும்புவதற்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஓய்வுநாள். மத்தியானச் சோறு முடிந்ததும் தங்கை தன் மடிக்கணினியை எடுத்து வந்து மேசையில் வைத்தாள். தானும் ஒரு நாடகம் எழுதியிருப்பதாகவும், தன் அரங்கு அதை அடுத்த பருவத்தில் போடப்போவதாகவும் சொன்னாள்.

"எங்கட வீட்டைப் பற்றித்தான் அப்பா. உங்களுக்கு வாசிச்சுக் காட்டாமல் அதைப் போட எனக்கு விருப்பமில்லை."

இப்போது வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன். அப்பா "வாசி" என்றார்.

அவள் நோர்வேஜியனில் இருந்ததைத் தமிழில் சொல்லிச் சொல்லி வாசித்தாள். ஒரு அறை. ஒரு சின்னப் பெண் யன்னலால் பார்க்கிறாள். தாய் படலையடியில் சிரித்த முகத்தோடு வந்தவர்களோடு கதைக்கிறாள், பிறகு கையை நீட்டிக் கொட்டிலைக் காட்டுகிறாள். வருடங்கள் போகின்றன. வளர்ந்த மகள் தாயிடம் ஏன் காட்டினாய் என்று கேட்கிறாள். தாய் பதில் சொல்லாமல் சோறு போட்டுக்கொண்டே இருக்கிறாள். கீழே தையல் மெஷின்கள் ஓடிக்கொண்டிருந்தன. அப்பா கைகளை மடியில் வைத்துக்கொண்டு, பரீட்சைக்கு வந்த பிள்ளைபோல நேராக உட்கார்ந்திருந்தார்.

அவள் முடித்ததும் அப்பா சொன்னார்: "நீ எழுதினது பிழை பிள்ளை."

"எது அப்பா?"

"அம்மா கொட்டிலைக் காட்டேல்லை. மகன் வீட்டில இல்லை எண்டுதான் அவ சொன்னவ. அவங்கள் அதைக் கேக்காமல் நேரே கொட்டிலுக்குப் போனவங்கள்."

"அப்ப அவங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

அப்பா மேசையைப் பார்த்துக்கொண்டே பேசினார். குரல் மாறவில்லை. "முதல்ல அவங்கள் வந்தது என்னட்ட. கந்தோருக்கு. மரியாதையாத்தான் கதைச்சவங்கள். ஒரு சின்ன விசாரணை, நீங்களே சொன்னா நல்லது, இல்லாட்டி எங்களுக்குச் சந்தேகம் கூடும் எண்டாங்கள். அவன் ஒரு பிழையும் செய்யேல்லை எண்டு எனக்குத் தெரியும். பிழை செய்யாத பிள்ளையை என்ன செய்யப் போறாங்கள் எண்டு நினைச்சன். கொட்டிலுக்குள்ள இருக்கிறான் எண்டு நான்தான் சொன்னனான்."

தங்கை மடிக்கணினியை மூடினாள்.

"சொல்லிப்போட்டு?" என்றாள் தங்கை.

"சொல்லிப்போட்டு இருந்து வேலை செய்தன். கடிதங்களை ஊர் ஊராப் பிரிச்சு அடுக்கினன்."

நான் கேட்டேன், "அம்மாவுக்குத் தெரியுமோ?"

"அண்டைக்குப் பின்னேரமே சொன்னனான். சுவரில தலையை அடிச்சு அழுதவ. பிறகு அவதான் சொன்னவ, நீங்கள் வாய் திறக்காதேங்கோ, நாளைக்கும் அந்தக் கந்தோருக்குத்தான் போகவேணும், நாலு சனத்துக்கு முன்னால இருக்கவேணும், மற்ற ரெண்டையும் வளர்க்கவேணும் எண்டு. சனம் தன்னைச் சொல்லத் துவங்கேக்க, சொல்லட்டும் எண்டு விட்டிட்டா. நானும் விட்டிட்டன்."

தங்கை எழுந்து குளியலறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டாள். நெடுநேரம் தண்ணீர் ஓடியது. வெளியே வந்தபோது முகம் வீங்கியிருந்தது. அப்பாவுக்கு முன்னால் நின்றாள்.

"அம்மா சாகேக்க என்னோட போனில கதைக்க ஆசைப்பட்டவ. ரெண்டு தரம் கேட்டவ. நான் மாட்டன் எண்டு சொன்னனான். நீங்கள் பக்கத்திலதானே இருந்தனீங்கள், அப்பா?"

"ஓம்," என்றார் அப்பா.

"அப்பவாவது சொல்லியிருக்கலாமே."

அவள் அறைக்குள் போய்ப் பெட்டியை அடுக்கத் தொடங்கினாள். நான் பின்னால் போய்க் கெஞ்சினேன், டிக்கெட் போட்ட நாள்வரையாவது பொறு என்றேன். அவள் அடுக்கிக்கொண்டே இருந்தாள். எனக்கும் அப்பாமேல் கோபம்தான். ஆனால் இருவரும் ஒரே நேரத்தில் அவரை விட்டுவிட்டால் அவர் என்ன ஆவார் என்றும் இருந்தது. சாயங்காலம் அவள் டாக்சிக்கு நிற்கும்போது, அப்பா வாசல்வரை வந்தார்.

"பிழையான நாடகத்தைப் போடாத பிள்ளை. திருத்திப் போடு. நான்தான் எண்டு விளங்கவேணும்."

அவள் தலையாட்டினாள். தொடவில்லை.

அப்பா விசா முடியும்வரை என்னோடு இருந்தார். காலையில் நான் வேலைக்குப் போகும்போது கதிரையில் இருப்பார். திரும்பும்போதும் அதே கதிரையில் இருப்பார். நடக்கப் போகவில்லை. மலையாளிக் கடைக்காரர் என்னிடம், "அப்பா ஊருக்குப் போயாச்சா?" என்று கேட்டார். ஓம் என்று சொல்லிவிட்டேன்.

தங்கை நாடகத்தைத் திருத்தினாள். இப்போது அது ஒரு தபால் கந்தோரில் தொடங்குகிறது. அரங்கு நிறைந்தது என்றும் பத்திரிகையில் நல்லபடி எழுதினார்கள் என்றும் ஒரு வரியில் எனக்குச் செய்தி அனுப்பினாள். பார்த்தவர்களில் எங்கள் ஊர்க்காரர் சிலரும் இருந்தார்கள். கதை அந்தக் கிழமையே ஊருக்குப் போய்ச் சேர்ந்தது. அம்மாவின் தம்பி அப்பாவின் வீட்டுக்கு வந்து, படலைக்கு வெளியே நின்று, உண்மையா என்று கேட்டாராம். அப்பா உண்மை என்றாராம். மாமா உள்ளே வரவில்லை. அதற்குப் பிறகு ஊரில் யாரும் வருவதில்லை. அப்பா கோயிலுக்குப் போவதையும் நிறுத்திவிட்டார். என்னோடு வந்து இருங்கோ என்று பலதடவை கூப்பிட்டேன். அவர் வர மறுக்கிறார். தங்கை அவரோடு பேசுவதில்லை. அம்மாவுக்காக அவள் அங்கே ஒரு திவசம் செய்தாள் என்று சித்தி சொன்னா.

ஒவ்வொரு ஞாயிறும் நான் அவருக்குப் போன் எடுக்கிறேன். சாப்பிட்டீங்களா, மழையா, கால் நோவு எப்படி என்று கேட்பேன். தங்கையைப் பற்றி அவர் ஒன்றும் கேட்பதில்லை. போன கிழமை போனை வைக்கப்போகும்போது, "பொறு" என்றார்.

"அந்த நாடகத்தில என்ர பாகத்தை ஆர் நடிக்கிறது?"

"ஒரு நோர்வேக்காரர் அப்பா. வயது போனவராம்."

"நல்லாச் செய்யிறாரோ?"

"தெரியாது அப்பா. நான் பாக்கேல்லை."

"சரி," என்றார். "சாப்பிடு."