பாட்டின் கடைசியில் அடித்த போன்

எங்கள் பாண்டை லண்டனில் யாருக்கும் தெரியாது. மூன்று வெள்ளைக்காரப் பொடியன்கள், பேஸ் கிட்டார் வாசிக்க நான். பப்புகளில் வாசிப்போம். சனம் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பியர் குடிக்கும். தமிழ்ப் பெட்டைக்கு அங்கே என்ன வேலை என்று, எங்கள் ஆட்கள் கூடும் டூட்டிங்கில் கேட்காதவர்கள் குறைவு. எனக்குப் பிடித்திருந்தது, போனேன்.

எண்பதுகளின் கடைசியில் ஒரு சின்ன ரெக்கோர்ட் கொம்பனி எங்களிடம் டேப் கேட்டது. திங்கட்கிழமைக்குள் வேண்டுமாம். அந்த வாரம் பார்த்துத்தான் என் தம்பி நடுவழியில் இருந்தான். ஏஜென்ட் ஒருவன் அவனைக் கொழும்பிலிருந்து பாரிசுக்குக் களவாகக் கூட்டிக்கொண்டு வெளிக்கிட்டிருந்தான். பாங்கொக்கில் இருந்து ஒருதரம் கதைத்தான், பிறகு சத்தமே இல்லை. அம்மாவுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. எனக்கோ கோபம் கோபமாக வந்தது, யாரில் என்றுதான் தெரியவில்லை.

அப்போது எங்கள் ஆட்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. சுகமாகப் போய்ச் சேர்ந்தவர் போனை ஒருதரம் அடிக்கவிட்டு வைத்துவிடுவார். எடுத்தால் அவருக்குக் காசு போகும், அதனால் அதை எடுக்கக் கூடாது. விடாமல் அடித்தால் ஏதோ பிசகு, பிடிபட்டிருக்கலாம். அப்போது ஓடிப்போய் எடுக்கவேண்டும்.

அம்மாவுக்கு ஷிப்ட். போனுக்குக் காவல் நான். வெளியே போக ஏலாததால், பாண்டே ஸ்ட்ரெதத்தில் இருந்த எங்கள் வீட்டு முன்னறைக்கு வந்தது. வீட்டுக்குள்ளே பொடியன்களா என்று அம்மா முகத்தை நீட்டினார். "சரி, போனடியிலை ஆள் நிண்டால் போதும்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

போனைத் தொடவேண்டாம் என்று மூவருக்கும் சொன்னேன். டிரம்முக்குப் போர்வை போர்த்தி, டேப்பை ஓடவிட்டு வாசித்தோம். என்னுடைய பகுதி சரியாக வந்ததும், அவர்கள் மற்றதைத் திருப்பி வாசிக்கட்டும் என்று குசினிக்குத் தேத்தண்ணி ஊற்றப் போனேன். கேத்தில் இரைந்தது. கோப்பைகளோடு திரும்பினால், பாட்டுக்காரன் நடையில் நின்று போனை வைக்கிறான்.

"அடித்தது, எடுத்தேன். ஒருவரும் பேசவில்லை." சொல்லும்போதே அவன் முகம் வெளிறிவிட்டது. அடிக்கிற போனை எடுப்பதுதான் மரியாதை என்று வளர்ந்தவன், கை தன்பாட்டில் போயிருக்கிறது.

"நீ எடுக்கும்போது அடித்துக்கொண்டிருந்ததா?"

"தெரியவில்லை. பாட்டு அப்போதுதான் முடிந்தது. காது முழுக்க இரைச்சல்."

போன் ஒருதரம் அடித்துத் தானாக நின்றிருந்தால் தம்பி பாரிசில். இவன் எடுத்ததால் நின்றிருந்தால், எங்கேயோ ஒரு பொலிஸ் ஸ்டேஷனில் அவனுக்குக் கிடைத்த ஒரே போன் கோலை நாங்கள் தொலைத்திருக்கிறோம். போனுக்கு முன்னால் நிலத்தில் குந்தினேன். அது திரும்ப அடிக்கவில்லை. அம்மா வந்து கேட்கப்போகும் கேள்வி மட்டும் காதில் கேட்டுக்கொண்டே இருந்தது.

வாயே திறக்காத டிரம்மர்தான் டேப் மெஷினைக் காட்டினான். அதை யாரும் நிறுத்தியிருக்கவில்லை.

பின்னுக்குச் சுற்றிப் போட்டோம். பாட்டின் கடைசி அடி அடங்கியது. நடையில் போன் ஒருதரம் அடித்தது, நின்றது. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. அதற்குப் பிறகுதான் கதிரை இழுபடும் சத்தம், சப்பாத்துச் சத்தம், "ஹலோ?"

நான் நம்பவில்லை. திரும்பத் திரும்பப் போடச் சொன்னேன். பிறகு அவர்களுக்கு முன்னாலேயே விம்மி விம்மி அழுதேன்.

அம்மா வந்ததும் கோட்டைக் கழற்றமுதலே ஹெட்போனைக் காதில் மாட்டிவிட்டேன். என் பாட்டைக் கேட்டால் கதவைச் சாத்துகிறவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். "இன்னொருக்காப் போடு, பிள்ளை" என்றார்.

கொம்பனி பாட்டை எடுத்தது, கடைசியில் வரும் போனை வெட்டச் சொன்னது. மூன்று பொடியன்களும் மாட்டோம் என்று நின்றுவிட்டார்கள். அந்த ஒரு ரெக்கோர்டோடு பாண்ட் முடிந்தது. அதை வாங்கிய ஒருவரையும் நான் எங்கேயும் காணவில்லை.

அம்மா மட்டும் வீட்டுக்கு வருகிறவர்களுக்கெல்லாம் அதைப் போட்டுக் காட்டுவார். பாட்டு முழுவதையும் விட்டுவிட்டு, ஊசியைக் கடைசியில் வைப்பார். வந்தவர்கள் ஏதும் கதைக்கத் தொடங்கினால் கையைக் காட்டி மறிப்பார்.

"கொஞ்சம் பொறுங்கோ. இப்ப தம்பி போய்ச் சேர்ந்திடுவான்."