மாமா பேசிய பிளாட்பாரம்

என் அம்மாவின் தம்பி ஜப்பானுக்கு வேலைக்குப் போன இரண்டாவது வருடம், அவருக்கு அங்கே கடலோரத்தில் வீடு இருக்கிறது என்று ஆட்டையாம்பட்டியில் எங்கள் தெருவே நம்பியது. அவர் அப்படிச் சொன்னதே இல்லை. ஞாயிற்றுக்கிழமை தோறும் பதினோரு மணிக்கு வீடியோவில் வருவார். தோளுக்குப் பின்னால் ஒரு கம்பித் தடுப்பு, அதைத் தாண்டினால் நேராகக் கடல். முதல் தடவை பார்த்ததுமே அம்மா, "ஊட்டு வாசல்லயே கடலா!" என்றாள். மாமா சிரித்தார். அந்தச் சிரிப்பை ஆமாம் என்று எடுத்துக்கொண்டு அம்மா தெருவெல்லாம் சொல்லிவிட்டாள்.

உண்மை எனக்கு மட்டும் தெரியும். அப்போது நான் நாலாம் வகுப்பு. ஒருநாள் பால் பொங்குகிறதென்று அம்மா உள்ளே ஓட, போன் என் கையில் இருந்தது. மாமாவுக்குப் பின்னால் ஒரு ரயில் வந்து நின்றது. என்னவென்று கேட்டேன். அது ஒரு ரயில்வே ஸ்டேஷன் என்றார். தண்டவாளம் அங்கேயே முடிகிறது. பிளாட்பாரத்தை ஒட்டிக் கடல். வெளியே போக ஒரே வழி, ஒரு தொழிற்சாலையின் கேட். அங்கே வேலை செய்கிறவர்களைத் தவிர யாரும் அதைத் தாண்ட முடியாது. மாமாவுக்கு வேலை வேறொரு பட்டறையில். லீவு நாளில் இங்கே வந்து இறங்கி, பெஞ்சில் உட்கார்ந்து எங்களோடு பேசிவிட்டு, அடுத்த ரயிலில் திரும்பிவிடுவார்.

"அம்மாகிட்டச் சொல்லாத சாமி" என்றார். ஏழு மாதம் நான் சொல்லவில்லை.

தை மாதம் ராசிபுரத்தில் அவருக்குப் பெண் பார்த்தார்கள். மாமாவுக்கு லீவு கிடைக்கவில்லை. வீடியோவிலேயே பார்க்கட்டும் என்று முடிவானது. போனைப் பிடித்துக்கொள்ள எனக்குப் பட்டுப்பாவாடை கட்டி அழைத்துப் போனார்கள். அந்த அக்கா காப்பி கொடுத்துவிட்டு, சுவரோரம் போய் உட்கார்ந்தாள். அவளுடைய அப்பா போனை எட்டிப் பார்த்தார்.

"கடலுக்கு இத்தன கிட்டயா ஊடு? அல உள்ள வந்துராதுங்களா?"

"மெத்தை ஊடுங்க, மேல் மாடி. கம்பெனியே குடுத்தது" என்றாள் அம்மா.

மாமா ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். அந்த நேரம் பார்த்து அவருக்குப் பின்னால் ரயில் வந்து நின்று கதவுகள் திறந்தன. "என்னுங்க இது, ஊட்டுக்குள்ளயே ரயிலு வருது?" என்று யாரோ கேட்க, எல்லாரும் சிரித்தார்கள். மாமாவைக் கேலி செய்கிறார்கள் என்று எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"ஊடு இல்லீங்க, அதுதான் ஸ்டேஷனு. கடேசி ஸ்டேஷனு. யாரும் வெளிய போக முடியாது. மாமா ஒருத்தருதான் அங்க போயி உக்காந்திருப்பாரு."

பெருமையாகத்தான் சொன்னேன். அம்மா என் தொடையைக் கிள்ளினாள். பெண்ணின் அப்பா மாமாவையே பார்த்தார். மாமா மறுக்கவில்லை.

"ஆமாங்க. ரூம்புல நாங்க ஆறு பேருங்க. சன்னல் கெடையாது. மெதுவாத்தான் பேசோணும். இங்கன்னா சத்தமாப் பேசலாம், அதான் வாரேன்."

கீழே வைத்த டம்ளர்களை யாரும் எடுக்கவில்லை. அப்போது அந்த அக்கா எழுந்து வந்து, என் கையிலிருந்த போனைத் தன் பக்கம் திருப்பினாள்.

"அடுத்த ரயிலு எப்பங்க?"

"ஒன்றர மணி நேரமாகுமுங்க."

"அதுவரைக்கும் அங்கயே இருப்பீங்களா?"

"ஆமாங்க."

"குளுராதுங்களா?"

மாமாவின் ஜெர்கின் ஜிப் கழுத்துவரை ஏறியிருந்தது. காது மடல்கள் சிவந்திருந்தன. அவர் பதில் சொல்வதற்குள் நான் முந்திக்கொண்டு, "அங்க பனியே கொட்டுமுங்க" என்றேன். ஜப்பானைப் பற்றித் தெரிந்துகொள்ளத்தான் அவள் கேட்கிறாள் என்று நினைத்தேன். அவளுடைய அப்பா ஒருமுறை தொண்டையைச் செருமினார். அவள் போனை என்னிடம் விட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள்.

புதன்கிழமை தகவல் வந்தது, ஜாதகம் அமையவில்லையாம். அம்மா என்னை அடிக்கவில்லை. ஒரு வாரம் எனக்குத் தலை பின்னிவிடவில்லை, அவ்வளவுதான். பள்ளிக்கூடத்துக்கு அப்பா பின்னிய கோணல் சடையோடு போனேன்.

அடுத்த ஞாயிறும் மாமா அதே பெஞ்சிலிருந்துதான் வந்தார். அம்மா இரண்டு வார்த்தை பேசிவிட்டு, போனை என்னிடம் தள்ளிவிட்டு எழுந்து போனாள். திட்டு விழப்போகிறது என்று காத்திருந்தேன். மாமா திட்டவில்லை.

"அந்தப் புள்ள கடேசியா என்ன கேட்டுச்சு?" என்றார்.

"குளுராதான்னு கேட்டாங்க."

"என்னன்னு?" என்றார் மறுபடியும். மறுபடியும் சொன்னேன்.

"நீங்கதான் அன்னைக்கு லைன்ல இருந்தீங்களே மாமா, காதுல உழலையா?"

"சரியாக் கேக்கல சாமி. இன்னொருக்காச் சொல்லு."

அந்த ஸ்டேஷனில் டவர் சரியாகக் கிடைக்காது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, மூன்றாம் தடவை இன்னும் உரக்கச் சொன்னேன்.