நடுவில் நிற்காத மேட்ச்

டயகமப் பக்கத்துத் தோட்டமொன்றின் ஃபெக்டரியில் தேயிலைக் கொழுந்து வாட்டும் லோகேஸ்வரனுக்கு ஞாயிறு பின்னேரம் என்றால் தண்ணீர் டேங்கி மேடுதான். லயத்து வீட்டுக்குள் அவன் போன் வெறும் டார்ச் லைட். கவரேஜ் கிடைப்பது அந்த மேட்டில் மட்டும்.

அங்கே உட்கார்ந்து ஃபுட்போல் கேம் விளையாடுவான். அவனும் பக்கத்து லயத்துக் கிஷாந்தும் ஒரு காலத்தில் கையடக்க கேம் மெஷினில் மாறி மாறி ஆடிய அதே கேம். பெனால்டி என்றால் லோகேஸ்வரனுக்குக் கை உதறும். மெஷினை அப்படியே கிஷாந்திடம் நீட்டிவிடுவான். மெஷின் செத்துப்போனது. கட்டார் நாட்டுக்கு வேலைக்குப் போகுமுன் கிஷாந்த்தான் பழைய கேமை ஓட்டும் எமுலேட்டர் போட்டு, கேமை இவன் போனில் ஏற்றிக் கொடுத்தான்.

போன புதிதில் ஞாயிறு தவறாமல் அழைப்பான். அழைப்பு வந்தால் கேம் பாதியில் நின்றுவிடும். ஒருநாள், ஒரு கோல் பின்தங்கி, கடைசி நிமிடத்தில் பந்தோடு ஓடும்போது போன் அடித்தது. லோகேஸ்வரனுக்குச் சுள்ளென்று ஏறியது.

"ஏன்டா எந்நேரமும் மேட்ச் நடுவுலயே எடுக்கிற? மனுசன வெளையாட வுடமாட்டியா?"

"சரிடா, முடிச்சிட்டு நீயே எடு" என்று கிஷாந்த் சிரித்தான்.

முடித்துவிட்டு கிஷாந்துக்கு அழைப்பு எடுத்தான். அவன் அதற்குள் வேலைக்கு ஏறியிருந்தான்; போனை யாரும் தூக்கவில்லை. அடுத்த ஞாயிறும் அப்படியே. பிறகு அங்கிருந்து அழைப்பதும் நின்றுபோனது.

இந்த ஞாயிறு ஒரு பெனால்டி கிடைத்தது. லோகேஸ்வரன் கேமை நிறுத்திவைத்தான். பனி தேயிலை மலையை மூடிக்கொண்டு மேலேறியது. கவரேஜ் முழுசாக இருந்தது. வெகுநேரம் போனையே பார்த்துக்கொண்டிருந்தான்.

பிறகு பெனால்டியை அவனே அடித்தான். கை உதறவில்லை. கோல்.

இரண்டு வருடமாக ஒரு மேட்ச்கூட அழைப்பு வந்து நடுவில் நின்றதில்லை.